யாருடைய மகன் என்று வெட்டுவது?

இது என் அப்பா இல்லை

“இது என் அப்பா இல்லை” என்று சொல்லி டெக்லன் தாளை என் பக்கம் தள்ளினார். பக்கத்து நாற்காலியில் இருந்த அவருடைய தாய் நோரா அதை ஒற்றை விரலால் மகன் பக்கம் நகர்த்தினார். தாள் என் மேசையில் மூன்று தரம் போய் வந்தது. நான் தேநீர்க் கோப்பையை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டேன்.

கல்லறைக் கல் செய்யும் தொழிலில் ஒரு வசதி உண்டு: செத்தவர் ஒருபோதும் முறைப்பாட்டோடு வருவதில்லை. இருக்கிறவர்கள் வருவார்கள், பெரும்பாலும் பெயரைப் பற்றி. லண்டனில் மிச்சம் என்ற இடத்தில், ட்ராம் பாதைக்குப் பின்னால் இருக்கும் எங்கள் பட்டறையில் நான் முன் அலுவலகத்தில் இருக்கிறேன். வாசகத்தை எழுதி எடுத்து, கல்லில் எப்படி வரும் என்று தாளில் அச்சடித்துக் காட்டி, கையெழுத்து வாங்குவது என் வேலை. வங்கியிலும் ஆஸ்பத்திரியிலும் பெயரை எழுத்தெழுத்தாகச் சொல்லியே பாதி ஆயுளைக் கழித்த வாசகர்களுக்கு இந்த மேசையின் கஷ்டத்தை நான் விளக்கத் தேவையில்லை.

அந்தத் தாளில் ‘ஷோன் மக் அன் வார்ட்’ என்று இருந்தது. நோராவின் கணவர். அயர்லாந்தில் டொனிகோல் பக்கத்திலிருந்து இருபத்திரண்டு வயதில் லண்டனுக்கு வந்து, ஓய்வு பெறும்வரை தெருக்களில் கேபிள் புதைத்தவர். வந்த முதல் நாளே வேலைத்தலத்து மேஸ்திரி அவரை ஜோன் வோர்ட் என்று எழுதிக்கொண்டார். மகனுக்குத் தெரிந்த அப்பா ஜோன் வோர்ட். ஒக்டோபரில் ஆண்டுத் திவசப் பூசை. அதற்குச் செத்தவரின் தம்பி ஊரிலிருந்து வருகிறார். வோர்ட் என்று போட்டால் அவர் கல்லைக் கடந்து போய்விடுவார் என்பது நோராவின் பயம். மற்றதைப் போட்டால் தன் பிள்ளைகள் யாரோ ஒருவருடைய கல்லுக்குப் பூ வைப்பதாக நினைப்பார்கள் என்பது டெக்லனின் பயம். எங்கள் முதலாளியிடம் ஒரு விதி இருக்கிறது. குடும்பத்துக்குள் இழுபறி என்றால் இரண்டு தரப்பும் கையெழுத்துப் போடாமல் கல்லில் கை வைக்கக் கூடாது. கருங்கல்லில் அழித்து எழுத முடியாது.

நிலைமையை இலகுவாக்கலாம் என்று அந்தப் பெயருக்கு என்ன பொருள் என்று கேட்டேன். புலவரின் மகன் என்று பொருளாம். பின்பாதியின் ஓசையைப் பிடித்து வெள்ளைக்காரன் வோர்ட் ஆக்கினானாம். எங்கள் தமிழ் வழக்கப்படி மகனின் பெயரோடு வருவது பெற்ற தகப்பனின் பெயர். ஆகவே, உங்கள் மாமனார் புலவரா என்று மரியாதையோடு விசாரித்தேன். நோரா யோசித்துப் பார்த்துவிட்டுச் சொன்னார்:

“அவர் செம்மறியாடு வளர்த்தவர். ஆடுகளோடுகூட அதிகம் பேசமாட்டார்.”

பாதிரியாரின் மகன்

எங்கள் முதலாளி மக்டகர்ட் ஸ்கொட்லாந்துக்காரர். நான் சேர்ந்து மூன்றாம் மாதம், எழுத்து வெட்டும் இயந்திரத்தில் வேலை செய்யும் கெவின் எனக்கு ஒரு தகவல் சொன்னார். மக் என்றால் மகன். டகர்ட் என்பது அவர்களுடைய பாஷையில் பாதிரியாரைக் குறிக்கும் சொல்லின் தேய்ந்த வடிவம்.

நான் மன்னார்க் கத்தோலிக்கன். ஒரு கிழமையாக முதலாளியின் முகத்தை நேரே பார்க்கச் சங்கடமாக இருந்தது. எங்கள் ஊரில் அப்படி ஒன்று நடந்திருந்தால் பங்கு முழுவதும் சேர்ந்து மறைத்திருக்கும். இவர்கள் அதைப் பெயர்ப்பலகையில் எழுதி வாசலில் மாட்டியிருக்கிறார்கள்.

கடைசியில், அவர் சாண்ட்விச் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது, சுற்றி வளைத்துக் கேட்டேன். அவருக்குக் கோபம் வரவில்லை. அந்தக் காலத்தில் அங்கே பாதிரிமார் சிலர் கலியாணம் கட்டியிருந்தார்கள் என்றார். முதலில் மக் என்பது எங்கள் தகப்பன் பெயரைப் போலத்தான், ஒவ்வொரு தலைமுறைக்கும் மாறிக்கொண்டிருந்தது. பிறகு எங்கேயோ ஒரு தகப்பனோடு நின்றுவிட்டது. பேரன், பூட்டன் எல்லாரும் அந்த ஒருவரின் மகனாகவே இருந்துவிட்டார்கள். தன்னைப் பெற்றவர் கிளாஸ்கோவில் எலக்ட்ரீஷியன் என்று சொல்லி, வாயைத் துடைத்துக்கொண்டு முடித்தார்:

“யாரோ ஒருவரின் மகன். பெயர் அதற்குமேல் ஒன்றுக்கும் பொறுப்பேற்பதில்லை.”

எங்கள் கில்மோர்

கெவினின் முழுப்பெயர் கெவின் ஸ்மித். அதைவிட ஆங்கிலமான பெயர் இருக்க முடியாது என்று நினைத்திருந்தேன். அவருடைய பூட்டன்மார் அயர்லாந்தில் அண்ணன் தம்பி இரண்டு பேர். ஊரில் அவர்களுக்குக் கொல்லனின் மகன் என்ற பொருளில் ஒரு பெயர். ஒருவரைப் பதிந்த எழுத்தர் காதால் கேட்டபடி மக்கோவன் என்று எழுதினார். மற்றவரைப் பதிந்த எழுத்தர் படித்தவர், பொருளைப் பெயர்த்து ஸ்மித் என்று போட்டார். ஒரே அடுப்பில் சமைத்ததைச் சாப்பிட்டவர்களுக்கு இரண்டு குடும்பப்பெயர். இதைச் சொல்லிவிட்டு கெவின் என் அனுதாபத்துக்காகக் காத்திருந்தார்.

நான் என் கதையைச் சொன்னேன். அப்பா மரியதாஸ், நான் அருள்ராஜா. இலங்கைப் பாஸ்போர்ட்டில் தகப்பன் முன்னால், பிள்ளை பின்னால். லண்டனில் பின்னால் வருவதுதான் குடும்பப்பெயர் என்று முடிவுசெய்துவிட்டார்கள், நானே எனக்குக் குடும்பப்பெயர் ஆகிவிட்டேன். ஜெர்மனி வழியாக வந்த அண்ணைக்கு முன்னால் இருப்பதை எடுத்துக்கொண்டார்கள். அவர் மிஸ்டர் மரியதாஸ். என் மகள் என்னைச் சுமக்கிறாள், அண்ணையின் பிள்ளைகள் அப்பாவைச் சுமக்கிறார்கள். குடும்பமாக விமானம் ஏறப்போனால் நாங்கள் ஒரே குடும்பம் என்று கவுண்டரில் விளங்கப்படுத்த வேண்டும். பட்டறையில் நான் ராஜ்.

மரியதாஸ் என்றால் என்ன என்று கெவின் கேட்டார். மரியாளின் ஊழியன் என்றேன். அவர் இயந்திரத்தை நிறுத்தினார். அவர்களிடமும் அப்படியே ஒரு பெயர் இருக்கிறதாம், மரியாளின் ஊழியனின் மகன். அது ஆங்கிலத்துக்கு வரும்போது கில்மோர் ஆகிவிட்டது. எங்களுக்குக் கருங்கல் கொண்டுவரும் லொறிக்காரர்கூட ஒரு கில்மோர்தான்.

அன்று மத்தியானமே கிங்ஸ்பரிக்குப் போன் எடுத்து, நாங்கள் கில்மோர் ஆட்கள் என்று அண்ணைக்கு அறிவித்தேன். அவர் கேட்டுவிட்டுச் சொன்னார்:

“இதை முதலே சொல்லியிருக்கலாமடா. என்ர அசைலம் கேஸை ஏழு வரியம் இழுத்திருக்கமாட்டாங்கள்.”

இடம் காணாவிட்டால்

தமிழ் வாடிக்கையாளர்கள் எங்களிடம் குறைவு, சைவர்கள் எரிக்கிறவர்கள். வருகிறவர்கள் கத்தோலிக்கர். டூட்டிங்கிலிருந்து ஒருவர் தாய்க்குக் கல் வைக்க வந்தார். பேப்பரில் வந்த மரண அறிவித்தலைப் பிளாஸ்டிக் உறையில் போட்டுக் கொண்டுவந்திருந்தார். அதில் உள்ளபடியே வெட்டவேண்டும். காலஞ்சென்ற இன்னார் தம்பதியினரின் அன்பு மகளும், காலஞ்சென்ற இன்னாரின் பாசமிகு மனைவியும், கனடா, பிரான்ஸ், லண்டன் என்று அடைப்புக்குறிக்குள் நாடு போட்ட ஏழு பிள்ளைகளின் தாயாரும், மருமக்களின் மாமியாரும், பேரப்பிள்ளைகளின் பாட்டியும்.

எனக்கு அவருடைய நியாயம் விளங்கியது. எங்கள் ஆட்களுக்குத் தனிப்பெயர் ஒரு பெயரே இல்லை, சுற்றி நாலு பேர் நிற்கவேண்டும். ஆனால் கல்லின் அகலம் கவுன்சிலின் விதி. பெயரும் இன்னும் நாலைந்து வரியும்தான் கொள்ளும் என்று விளக்கினேன். அவர் மறுத்துப் பேசவில்லை. முன்னால் வைத்திருந்த மாதிரிக் கல்லைத் தன் சாணால் குறுக்கும் நெடுக்கும் அளந்தார். சின்ன மருமகனை விட்டால் பெரிய மகள் கதைக்கமாட்டாள், கனடாவை விட்டால் கனடா வராது என்று எனக்குக் கேட்கும்படியாகவே யோசித்தார். பிறகு ஒரு தீர்வுக்கு வந்தார்.

“இடம் காணாட்டி, தம்பி, அம்மாவின்ர பேரைக் கொஞ்சம் சின்னனாப் போடுங்கோ.”

நோரா ஷோன் யார்?

டெக்லனும் தாயும் போய் ஒரு மாதமாகிவிட்டது. ஒக்டோபர் பூசைக்கு முன்னால் கல் நிற்கவேண்டும் என்றால் இனிமேல் சுணங்க முடியாது. இரண்டு மாதிரியிலும் தாள் அடித்து, ஏதாவது ஒன்றில் இருவரும் கையெழுத்திட்டு அனுப்புங்கள் என்று நோராவுக்குக் கடிதம் தயாரித்தேன். கடித உறையில் பெயர் எழுதும் இடத்தில் பேனை நின்றது. மிஸஸ் வோர்ட் என்று எழுதினால் நான் மகன் பக்கம். மற்றப் பெயரை எழுதினால் தாய் பக்கம். தாயின் கடிதங்களைப் பார்ப்பது டெக்லன்.

யோசித்துக்கொண்டிருக்கக் கை தானாக எழுதிவிட்டது. எங்கள் வழக்கம். பெண்ணின் பெயர், அதற்குப் பிறகு புருஷனின் பெயர். அவருடைய பரம்பரையின் பெயர் அல்ல, அவருடைய சொந்தப் பெயர். என் மனைவி அப்படித்தான் எல்லாத் தாளிலும் இருக்கிறாள். நோரா பேச்சில் கணவரை ஷோன் என்றே சொல்லுவார். ஆகவே, ‘மிஸஸ் நோரா ஷோன்’. தபாலில் போட்டுவிட்டு வந்த பிறகும் எனக்கு அதில் ஒரு பிழையும் தெரியவில்லை.

இரண்டு நாள் கழித்து டெக்லன் போனில் வந்தார். உரத்துப் பேசவில்லை, அதுதான் பயமாக இருந்தது. ஒரு வருடமாகப் பெயருக்காகச் சண்டை பிடிக்கிற வீட்டுக்கு மூன்றாவதாக ஒரு பெயரை அனுப்பியிருக்கிறீர்கள் என்றார். கடித உறையை அம்மா கையில் எடுத்தவர் இன்னும் கீழே வைக்கவில்லை, அவருக்கு என்ன நடக்கிறது என்று தெரியவில்லை என்றார். முதலாளி என்னை உடனே மன்னிப்புக் கடிதம் எழுதச் சொன்னார். மன்னிப்புக் கடிதத்துக்கும் மேலே ஒரு பெயர் போடவேண்டியிருந்ததால் அது அனுப்பப்படவில்லை. டெக்லன் போனை வைக்கும்போது சொன்னது இதுதான்:

“நோரா ஷோன் என்று எங்கள் வீட்டில் யாரும் இல்லை.”

பஸ்ஸில் வந்தவர்

அடுத்த திங்கட்கிழமை நோரா தனியாகப் பஸ்ஸில் வந்து இறங்கினார். கதிரையில் இருந்து, கைப்பையைத் திறந்து, என்னுடைய கடித உறையை எடுத்து மேசையில் நேராக வைத்தார். இப்படி எழுத உனக்கு யார் சொல்லித்தந்தது என்று கேட்டார். யாரும் சொல்லவில்லை, எங்கள் வழக்கம், பிழையென்றால் மன்னிக்க வேண்டும் என்றேன்.

அவர் சொன்னது எனக்கு விளங்கக் கொஞ்ச நேரம் எடுத்தது. அவர்களுடைய ஊரில் பாதிப்பேர் வோர்ட். ஆங்கிலத்தில் சொன்னாலும் சொந்தப் பாஷையில் சொன்னாலும் பாதிப்பேர் அதே புலவரின் மக்கள். அதனால் அந்தப் பெயரால் ஒருவரையும் அடையாளம் காண முடியாது. ஊரில் யாரும் அதைப் பாவிப்பதுமில்லை, பாதிரியாரும் பொலிஸ்காரரும் தவிர. கணவரை எல்லாரும் கூப்பிட்டது ஷோன் ரோரி. ரோரி என்பது அந்த ஆடு வளர்த்த தகப்பன். கலியாணம் கட்டிய அடுத்த நாளிலிருந்து நோராவை ஊர் கூப்பிட்டது ஷோனின் நோரா. உச்சரிப்பு நான் எழுதியதைவிடக் கொஞ்சம் வேறு, ஆள் அதே ஆள். அடுத்த வருடம் இருவரும் கப்பல் ஏறிவிட்டார்கள். அந்தப் பெயரில் அவருக்கு அதற்குப் பிறகு ஒருவரும் ஒன்றும் எழுதியதில்லை.

ஒரு வருடமாக, வருகிற தம்பிக்காக மக் அன் வார்ட் வேண்டும் என்று அடம்பிடித்திருக்கிறார். அந்தப் பெயரைத் தம்பியின் வாயிலிருந்து தான் ஒருநாளும் கேட்டதில்லை என்பது கடித உறையைப் பார்த்த பிறகுதான் நினைவுக்கு வந்ததாம். மேலே ஜோன் வோர்ட் என்று மகன் கேட்டபடி பெரிதாக இருக்கட்டும், கீழே சின்னதாக ஷோன் ரோரி என்று போதும் என்றார். ஆனால் டெக்லனும் கையெழுத்திட வேண்டுமே என்று நினைவூட்டினேன். நோரா கடித உறையைத் திரும்பக் கைப்பைக்குள் வைத்தார்.

“அவனை நீ கூப்பிடு. நான் சொன்னால் அது சண்டை, நீ சொன்னால் அது வேலை.”

நீ யாருடையவன்

டெக்லன் வேலை முடிந்து வந்தார். புதிய தாளை வாசித்தார். முதல் வரியில் அவருக்கு வெற்றி. அதைப் பார்த்ததாகக் காட்டிக்கொள்ளவில்லை. இரண்டாவது வரியில் விரலை வைத்துக்கொண்டு, ரோரி என் தாத்தா, இரண்டு தரம் பார்த்திருக்கிறேன் என்றார். நான் பேனையை எடுத்துக் கொடுத்தேன். அவர் வாங்கவில்லை.

ஒன்பது வயதில் கோடை விடுமுறைக்கு அங்கே போயிருக்கிறார். தெருவில் கிழவர்கள் மறித்து, உன் பெயர் என்ன என்று கேட்கமாட்டார்களாம். நீ யாருடையவன் என்று கேட்பார்களாம். எனக்கு உடனே மன்னார்ச் சந்தை ஞாபகம் வந்தது; அங்கேயும், நீ ஆற்ற பெடியன், அதாவது யாருடைய பிள்ளை, என்றுதான் கேட்பார்கள். டெக்லன் நெஞ்சை நிமிர்த்தி, நான் வோர்ட் என்று சொல்லியிருக்கிறார். கிழவர்கள் சிரித்திருக்கிறார்கள். தன் லண்டன் பேச்சைக் கேட்டுச் சிரிக்கிறார்கள் என்று நினைத்து அதற்குப் பிறகு அவர் அங்கே போகவேயில்லை. அப்பா கூப்பிட்டபோதெல்லாம் ஏதாவது சாட்டுச் சொல்லியிருக்கிறார். அங்கே பாதிப்பேர் வோர்ட் என்று நோரா சொன்னதை நான் சொன்னேன்; அதை அம்மாகூட அவருக்குச் சொன்னதில்லை. அம்மாவுக்கு அது சொல்லத் தேவையில்லாத விஷயம்.

நான் மேசை விளக்கின் கழுத்தைச் சரிசெய்தேன். அவர் பேனையை எடுத்துக் கையெழுத்திட்டார்.

“ஷோனுடையவன் என்று சொல்லியிருக்க வேண்டும். அவ்வளவுதான் கேட்டிருக்கிறார்கள்.”

இரண்டாவது பெயர்

பூசையன்று கல்லின் பொருத்துகளைப் பார்க்கிற சாட்டில் நானும் மயானத்துக்குப் போனேன். செத்தவரின் தம்பி வந்திருந்தார், தொப்பி போட்ட மெலிந்த மனிதர். வழிகாட்ட வந்த டெக்லனை முன்னால் போகவேண்டாம் என்று மறித்துவிட்டுத் தனியாக வரிசை வரிசையாக நடந்தார். நோரா பாதையிலேயே நின்றார். தம்பி எங்கள் கல்லுக்கு வந்தார், பெரிய எழுத்தை வாசித்தார், அடுத்த கல்லுக்குப் போக ஒரு கால் எடுத்து வைத்தார். பிறகு குனிந்தார். தொப்பியைக் கழற்றினார். அவ்வளவு நேரமும் நோரா கைப்பையின் வாரை இரண்டு கையாலும் பிடித்திருந்தார். திரும்பி வரும்போது தம்பி டெக்லனிடம் சொன்னது எனக்கும் கேட்டது:

“அந்த வோர்ட் யாரென்று எனக்குத் தெரியாது. ஷோன் ரோரி அங்கே இருக்கிறான்.”

இந்த விவகாரத்துக்குப் பிறகு முதலாளி ஒரு புதிய படிவம் கொண்டுவந்தார். கல்லின் கீழ்ப்பாதியில் வழக்கமாக இன்னொருவருக்கு இடம் விடுவோம். அந்த இரண்டாவது பெயர் எப்படி வரவேண்டும் என்பதை இப்போதே எழுதி வாங்கி அலுமாரியில் வைத்துவிட்டால் அடுத்த சண்டை மிச்சம் என்பது அவருடைய கணக்கு. முதல் படிவம் நோராவின் குடும்பத்துக்கே போனது. மனிதருக்கு எத்தனை பெயர் இருந்தாலும் கல் ஒன்றுதான் என்பதால், இந்தத் தொழிலில் கடைசியில் யாராவது ஒருவர் சின்ன எழுத்துக்கு இறங்கித்தான் ஆகவேண்டியிருக்கிறது.

டெக்லனும் நோராவும் சேர்ந்து வந்தார்கள். உனக்கு விருப்பமானதை எழுது என்று நோரா படிவத்தை மகனிடம் கொடுத்துவிட்டு, கெவினோடு டொனிகோல் மழையைப் பற்றிப் பேசப் போனார். டெக்லன் முதல் கட்டத்தில் நோரா வோர்ட் என்று எழுதினார். கீழே இருந்த சின்னக் கட்டத்தில், என் கடித உறையில் இருந்தபடியே, நோரா ஷோன் என்று எழுதினார். பேனையை மூடினார், படிவத்தை இரண்டாக மடித்து என் தேநீர்க் கோப்பைக்கு அடியில் வைத்தார், தாயின் குடையை எடுத்துக்கொண்டு கதவடிக்குப் போய் நின்றார்.